மலையாளப் படத்துக்குள்ள ஊர் எப்படி வந்துச்சு? – வாசகர் கேள்வி பதில்

இந்த தடவை வந்த கேள்விகள்ல மலையாள சினிமா பத்தினதே நிறைய இருந்துச்சு, அதனால மத்ததை எல்லாம் அடுத்த இதழுக்கு தள்ளி வச்சுட்டு இதை மட்டும் எடுத்துக்கிட்டேன். சில பதில் நீளமாப் போயிருக்கு, பொறுமையா படிங்க.

கேள்வி: சார், மகேஷின்டே பிரதிகாரம், கும்பளங்கி நைட்ஸ் மாதிரி படம் பாத்தா அந்த ஊர்ல போய் தங்கிட்டு வந்த மாதிரி இருக்கு. நம்ம படத்துல மதுரைன்னா அருவா, சென்னைன்னா ஐடி கம்பெனி. அவங்களுக்கு மட்டும் இது எப்படி முடியுது? கேரளா அழகா இருக்கறதாலயா? – வாசகர், கோயம்புத்தூர்

அழகு காரணமே இல்லைங்க. இடுக்கி மலையையும் ஆலப்புழா காயலையும் எல்லா மொழிப் படமும் போய் எடுத்திருக்கு, பாட்டுக்கு ரெண்டு ஷாட், அவ்வளவுதான், எதுவும் மனசுல நிக்கல. மகேஷ் படத்துல என்ன நடக்குது பாருங்க. சின்ன டவுன்ல போட்டோ ஸ்டுடியோ வச்சிருக்கற ஒருத்தர் நாலு பேர் முன்னாடி அடி வாங்கிடறாரு, திருப்பி அடிக்கிற வரைக்கும் செருப்பு போட மாட்டேன்னு சொல்லிடறாரு. அந்த ஊர்ல எல்லாரும் எல்லாரையும் தெரிஞ்சவங்க, கல்யாணத்துக்கும் சாவுக்கும் ஒரே ஆள் தான் போட்டோ எடுக்கணும், அதனால அந்த அவமானத்தை தூக்கிட்டு அவர் எங்கயும் ஒளிய முடியாது. கதையே அந்த ஊரோட அளவுல இருந்து வருது, ஊரை மாத்தினா கதை செத்துரும். நிமிர்னு தமிழ்ல 2018ல வந்தப்ப அது ஒட்டாம போனதுக்கு நான் பாக்கற காரணம் இது தான்.

இந்தப் பழக்கம் நேத்து வந்தது இல்ல. 1945ல பி.என். பணிக்கர் அம்பலப்புழா பக்கத்துல 47 நூலகங்களை ஒண்ணு சேத்து ஒரு சங்கம் ஆரம்பிச்சாரு, அது வளந்து வளந்து கேரளா முழுக்க கிராமத்துக்கு கிராமம் வாசகசாலை வந்துச்சு, பீடி சுத்தறவங்களும் கயிறு திரிக்கறவங்களும் பேப்பரும் நாவலும் படிச்சாங்க. இன்னொரு பக்கம் கேபிஏசி நாடகக்குழு 1952ல தோப்பில் பாசியோட நாடகத்தை ஊர் ஊரா கொண்டு போச்சு, குத்தகை விவசாயியும் ஜமீனும் மேடையில நின்னு பேசினாங்க. அப்புறம் தகழி, பஷீர், உரூப், எம்.டி. வாசுதேவன் நாயர்னு பெரிய எழுத்தாளர்களோட கதைங்க படமாச்சு, உரூபும் எம்.டி.யும் பஷீரும் நேராவே திரைக்கதை எழுதினாங்க. 1954ல நீலக்குயில் வந்தப்ப அதுக்கு எழுதினது உரூப், மெட்டு போட்ட கே. ராகவன் நாட்டுப்புறப் பாட்டுலயும் கேரள முஸ்லிம்களோட மாப்பிளப் பாட்டுலயும் இருந்து எடுத்தாரு, அது வரைக்கும் இந்திப் பாட்டு மெட்டுக்கு மலையாள வார்த்தை போட்டு ஓட்டிட்டு இருந்தாங்க. கதையும் சாதாரணம் இல்ல, ஒரு தலித் பொண்ணை ஒரு நாயர் வாத்தியார் கைவிடற கதை.

1965ல அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் திருவனந்தபுரத்துல சித்ரலேகா ஃபிலிம் சொசைட்டி ஆரம்பிச்சாங்க, அதுக்கப்புறம் சின்ன டவுன்ல எல்லாம் சொசைட்டி வந்துச்சு. உலகப் படங்களை ஒரு ஸ்கூல் ஹால்ல 16 எம்எம்ல போட்டுப் பாத்த தலைமுறை ஒண்ணு அங்க இருக்கு. ஜான் ஆப்ரஹாம் 1986ல அம்ம அறியான் எடுத்தப்ப ப்ரொடியூசரே கிடையாது, ஒடேசா குழுவா சேந்து ஊர் ஊராப் போய் படம் போட்டுக் காட்டி ஜனங்க கிட்ட காசு வசூல் பண்ணி எடுத்தாங்க. இப்படி ஒரு ஆடியன்ஸ் இருந்தா, எங்க ஊரைப் பத்தி பொய் சொல்லாதேன்னு கேக்கத்தான் செய்யும்.

நம்ம கிட்ட இது இல்லவே இல்லன்னு சொன்னா நான் ஒத்துக்க மாட்டேன். 1977ல பதினாறு வயதினிலே வந்ததுல இருந்து ஒரு பத்து வருஷம் நம்ம படங்களும் வயக்காட்டுலயும் ஆத்தங்கரையிலயும் தான் இருந்துச்சு, இப்பவும் நல்ல படங்கள் வருது. ஆனா அவங்க கிட்ட அது நடுவுல விட்டு விட்டு வந்தாலும் அறுந்து போகல.

கேள்வி: முதல் மலையாளப் படம் எடுத்தவர் எங்க மாவட்டத்துக்காரர்னு சொல்றாங்களே, உண்மையா? அந்தப் படத்தோட ஹீரோயினும் இங்க தான் வாழ்ந்தாங்களாமே? – வாசகி, நாகர்கோவில்

ரெண்டும் உண்மை, ரெண்டும் மனசை அறுக்கற கதை. ஜே.சி. டேனியல் அகஸ்தீஸ்வரத்துல பிறந்தவர், அப்ப அது திருவிதாங்கூர், 1956 நவம்பர் 1ல தான் கன்னியாகுமரி மாவட்டமா தமிழ்நாட்டுக்கு வந்துச்சு. களரி, சிலம்பம் மேல பைத்தியமா இருந்தவர், சொந்த நிலத்தை வித்து திருவனந்தபுரத்துல ஸ்டுடியோ போட்டு விகதகுமாரன்னு ஒரு மௌனப்படம் எடுத்தாரு. அது ரிலீஸ் ஆனது 1928லயா 1930லயான்னு ஆராய்ச்சி பண்றவங்க நடுவுல இன்னும் சண்டை இருக்கு. படத்தோட பிரிண்ட் எதுவும் மிஞ்சல.

ஹீரோயின் பி.கே. ரோசி. தலித் பொண்ணு, காக்காரிசின்னு ஒரு நாட்டுப்புற நாடகத்துல நடிச்சிட்டு இருந்தவங்க. படத்துல அவங்களுக்கு நாயர் பொண்ணு வேஷம். திருவனந்தபுரம் கேபிடால் தியேட்டர்ல படம் போட்டப்ப ஒரு புலையப் பொண்ணு நாயர் வீட்டுப் பொண்ணா நடிக்கறதான்னு ஜனங்க கல்லெறிஞ்சாங்க, அவங்க வீடும் தப்பல, ராத்திரியோட ராத்திரியா ஊரை விட்டு ஓடினாங்க. ஒரு லாரியில ஏறி உங்க ஊர்ப் பக்கம் வந்து அந்த லாரி டிரைவரையே கல்யாணம் பண்ணிக்கிட்டு பேரை வெளிய சொல்லாம வாழ்ந்து முடிச்சாங்கன்னு தான் இப்ப வரைக்கும் தெரிய வந்திருக்கு. இதுதான் அவங்க முகம்னு நம்பி சொல்ல ஒரு போட்டோ கூட கிடையாது.

மலையாள சினிமாவையும் அந்த மண்ணோட பண்பாட்டையும் பத்தி யார் பேசினாலும் நான் இங்க இருந்து தான் ஆரம்பிப்பேன். ஏன்னா மண்வாசனை, யதார்த்தம்னு நாம சொல்லிட்டே போறோம், அந்த மண்ணு தன்னோட முதல் நடிகையை கல்லெறிஞ்சு துரத்தின மண்ணு. அதுக்கப்புறம் வந்த நல்ல மலையாளப் படங்க எல்லாத்துலயும் இந்தக் கேள்வி ஏதோ ஒரு ரூபத்துல இருக்கு, இந்த ஊர் யாரோட ஊர், இங்க யாருக்கு இடம், யாருக்கு இல்லன்னு. அதைக் கேக்கற படம் நிக்குது, கேக்காம வெறும் ஓணம், வள்ளம்களி, செட்டு முண்டுன்னு காட்டற படம் காலண்டர் படமா போயிடுது.

டேனியலும் கடன்பட்டு நொடிஞ்சு போய் கடைசியில அகஸ்தீஸ்வரத்துலயே 1975ல இறந்தாரு. கேரள அரசு கிட்ட உதவி கேட்டப்ப நீங்க தமிழ்நாட்டுக்காரர்னு சொல்லித் தட்டிக் கழிச்சாங்க. அப்புறம் 1992ல அவர் பேர்லயே அந்த மாநிலத்தோட பெரிய சினிமா விருது வந்துச்சு. ரோசிக்கு அது கூட ரொம்ப லேட்டு, கேரளாவுல டபிள்யூசிசின்ற சினிமாப் பெண்கள் அமைப்பு சார்பா 2019ல அவங்க பேர்ல ஒரு ஃபிலிம் சொசைட்டி ஆரம்பிச்சாங்க, இங்க சென்னையில பா. ரஞ்சித்தோட நீலம் பண்பாட்டு மையம் பி.கே. ரோசி பேர்ல திரைப்பட விழா நடத்துது. நாகர்கோவில்ல அவங்களுக்கு ஒரு சின்ன நினைவிடமாவது இருக்கணும்னு எனக்கு ரொம்ப நாளா ஆசை, உங்க ஊர்க்காரங்க யாராவது எடுத்துச் செஞ்சா முதல் ஆளா நான் வரேன்.

இன்னொரு விஷயமும் சேத்துக்கங்க. மலையாளத்தோட முதல் பேசும் படம் பாலன், 1938, அதை தயாரிச்சது சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம். அப்புறம் ஆலப்புழாவுல குஞ்சாக்கோவோட உதயா ஸ்டுடியோ, திருவனந்தபுரத்துல மெரிலேண்ட் எல்லாம் வந்தும் ரொம்ப வருஷம் மலையாள சினிமாவோட பெரும்பாலான வேலை கோடம்பாக்கத்துல தான் நடந்துச்சு.

கேள்வி: செம்மீன் படத்துல வர்ற மாதிரி பொண்டாட்டி கற்பா இருந்தா தான் கடலுக்குப் போன புருஷன் திரும்புவான்னு நிஜமாவே நம்பினாங்களா? நானும் மீனவக் குடும்பம் தான், எங்க பக்கம் இப்படி யாரும் பேசி நான் கேட்டதில்ல. – வாசகர், தூத்துக்குடி

நல்லா கேட்டீங்க. கடலம்மா பயம், கடலுக்குப் போனவங்க வர்ற வரைக்கும் வீட்ல ஒரு ஒழுங்கு, இதெல்லாம் பல கடற்கரையில உண்டு. ஆனா தகழி 1956ல நாவல் எழுதினப்ப அதை இறுக்கி ஒரு பெரிய விதியாவே ஆக்கிட்டாருன்னு விமர்சனம் அப்பவே இருந்துச்சு, மீனவ சமூகத்துக்குள்ள இருந்து வந்தவங்களும் எங்களை இப்படி காட்டிட்டாங்களேன்னு வருத்தப்பட்டாங்க. தகழி மீனவர் இல்ல, குட்டநாட்டு விவசாயக் குடும்பம், வெளிய இருந்து பாத்து எழுதினவரு. ராமு காரியாட் 1965ல படமா எடுத்தப்ப வயலார் பாட்டு, சலில் சௌத்ரி மியூசிக், மார்க்கஸ் பார்ட்லி கேமரா எல்லாம் சேந்து அந்த நம்பிக்கையை நம்ம எல்லார் மண்டையிலயும் ஏத்திடுச்சு. தென்னிந்தியாவுக்கு முதல் தடவையா குடியரசுத் தலைவர் தங்கப் பதக்கம் வாங்கின படம் அது.

நான் அந்தப் படத்தை நேசிக்கறேன், கறுத்தம்மாவும் பரீக்குட்டியும் என் கூடவே இருக்கற ஆளுங்க. அதுக்காக அதை மீனவர் வாழ்க்கையோட டாக்குமென்டரின்னு எடுத்துக்கக் கூடாது. படம் நல்லா ஓடிட்டா அது சொன்ன வழக்கம் உண்மையான வழக்கமா ஆயிடுது, வெளியூர்க்காரங்க வந்து நீங்க இப்படித்தானேன்னு கேக்கற அளவுக்கு. கடற்கரைய இன்னும் கிட்டப் போய் பாக்கணும்னா 2018ல வந்த ஈ.ம.யௌ. பாருங்க. செல்லானம் கடற்கரை, லத்தீன் கத்தோலிக்க மீனவக் குடும்பம், அப்பாவுக்கு ஊரே அசந்து போற மாதிரி அடக்கம் பண்றேன்னு மகன் வாக்குக் குடுத்துட்டான், அன்னைக்கு ராத்திரியே அப்பா போயிடறாரு. சவப்பெட்டிக்கு காசு, பேண்டு செட்டுக்கு காசு, மழை, பாதிரியாரோட சந்தேகம், எல்லாம் சேந்து அந்த மகனை நசுக்குது. எழுதின பி.எஃப். மேத்யூஸ் அந்த வழக்கங்களையும் அந்தப் பேச்சையும் உள்ள இருந்து தெரிஞ்சவரு, அது ஒவ்வொரு வசனத்துலயும் தெரியுது. தூத்துக்குடிக்காரர் நீங்க, பாத்துட்டு எழுதுங்க, உங்களுக்கு என்னை விட நிறைய புரியும்.

கேள்வி: ஏன் மலையாளப் படத்துல எப்பப் பாத்தாலும் பழைய பெரிய ஓட்டு வீடு, குளம், சர்ப்பக்காவு, பெரியம்மாவன்? எல்லாரும் அப்படியா வாழ்ந்தாங்க? – வாசகர், ஈரோடு

எல்லாரும் இல்லவே இல்ல. அது நாயர், நம்பூதிரி மாதிரி நிலம் வச்சிருந்த சாதிகளோட தரவாடு. நாயர் தரவாட்டுல அம்மா வழியில சொத்து போற மருமக்கத்தாயம் இருந்துச்சு, மாமா தான் காரணவர், அதாவது குடும்பத் தலைவர். 1970 ஜனவரி 1ல நிலச்சீர்திருத்தம் நடைமுறைக்கு வந்து குத்தகைக்காரங்களுக்கு நிலம் போச்சு, 1975ல கூட்டுக்குடும்ப ஒழிப்புச் சட்டம் வந்துச்சு, அதோட தரவாட்டுக்கு காசும் போச்சு கௌரவமும் போச்சு. எழுதறவங்களும் டைரக்டர்களும் நிறையப் பேர் அந்த வீடுகள்ல இருந்து வந்தவங்க, அதனால அந்த வீடு இடிஞ்சது அவங்களுக்கு உலகமே இடிஞ்ச மாதிரி.

அந்த இடிவை நேர்மையா பாத்த படங்கள் ரெண்டு சொல்றேன். எம்.டி.யோட நிர்மால்யம், 1973. கோயிலுக்கு வருமானம் இல்ல, அம்மன் அருள் வந்து ஆடற வெளிச்சப்பாடுக்கு வீட்ல அடுப்பெரியல, அம்மனுக்காகவே வாழ்ந்த மனுஷன் கடைசியில தன் வீட்டுக்குள்ள என்ன நடக்குதுன்னு பாத்துட்டு சன்னதியில போய் வாளால நெத்திய வெட்டிக்கிட்டு அம்மன் முகத்துல ரத்தத்தோட துப்பறாரு. பி.ஜே. ஆண்டனிக்கு தேசிய விருது, படத்துக்கும் தேசிய விருது. இன்னைக்கு யாராவது அந்தக் காட்சிய எடுக்க முடியுமான்னு கேட்டா முடியாதுன்னு தான் நான் நினைக்கறேன், தமிழ்லயும் முடியாது மலையாளத்துலயும் முடியாது.

ரெண்டாவது அடூரோட எலிப்பத்தாயம், 1981. உண்ணின்னு ஒருத்தர், தங்கச்சிங்க வேலை செய்ய இவர் உக்காந்து சாப்பிடறவர், வெளிய மாடு வந்து பயிரை மேஞ்சா கூட எந்திரிச்சு விரட்ட மாட்டாரு. கரமனை ஜனார்த்தனன் நாயர் நடிச்சது, பாக்க பாக்க கோவமும் வரும் பாவமாவும் இருக்கும்.

ஆனா 90கள்ல இதே தரவாடு திரும்பி வந்துச்சு, வேற மாதிரி. மீசை முறுக்கின தம்புரான், நாலு அடியாள், உற்சவம் நடத்தறது என் உரிமைன்னு வசனம். ஒத்தப்பாலம் பக்கம் வரிக்காசேரி மனையில ஒண்ணு மாத்தி ஒண்ணு ஷூட்டிங். அந்தப் படங்கள்ல நல்ல நடிப்பு இருக்கு, நல்ல பாட்டு இருக்கு, ஆனா நிலச்சீர்திருத்தமே நடக்காத மாதிரி ஒரு கேரளாவை காட்டிச்சு, எனக்கு அது பிடிக்கல. அந்த வயல்ல நாத்து நட்டவங்க கதைய பாக்க 2016 வரைக்கும் காத்திருக்க வேண்டியதா போச்சு, ராஜீவ் ரவியோட கம்மட்டிபாடம். எர்ணாகுளம் நகரம் வளர வளர அதுக்கு நடுவுல இருந்த புலையக் குடும்பங்களோட வயலும் வீடும் எப்படி கை மாறுச்சு, நிலத்தைப் பறிக்கற வேலைக்கே அந்த சமூகத்துப் பசங்களை எப்படி அடியாளா ஆக்கினாங்கன்னு அந்தப் படம் சொல்லுது. விநாயகன் கங்காவா வாழ்ந்தாரு. அதுலயும் கதையை நமக்கு சொல்றது துல்கர் நடிச்ச வேற சாதிக்காரன் கண் வழியாத்தான், இந்த விமர்சனம் நியாயமானது.

கேள்வி: நான் 14 வருஷமா ஷார்ஜாவுல இருக்கேன், ரூம்ல மலையாளி அண்ணன்மார் கூடத்தான். கல்ஃப் வாழ்க்கைய சரியா சொன்ன படம் எது? – வாசகர், சொந்த ஊர் அறந்தாங்கி

சந்தேகமே இல்லாம பத்தேமாரி, 2015, சலீம் அகமது. பள்ளிக்கல் நாராயணன்னு ஒருத்தர் 60கள்ல பாய்மரக் கப்பல்ல திருட்டுத்தனமா போய் இறங்கி, வாழ்க்கை முழுக்க காசு அனுப்பி, ஊர்ல அவர் ஒரு வரவுச் செலவுக் கணக்கா மட்டும் ஆயிடறாரு. மம்மூட்டி ரொம்ப அடங்கி நடிச்சிருப்பாரு. ஆடுஜீவிதம் பெரிய படம், பென்யாமின் நாவல், 2024ல பிளெஸ்ஸி எடுத்தது, ஆனா அது பாலைவனத்துல மாட்டிக்கிட்ட ஒருத்தரோட கொடுமை. பத்தேமாரில வர்றது எல்லார் வீட்லயும் நடந்தது, அதான் இன்னும் வலிக்குது.

நீங்க பழசும் பாக்கணும். 1987ல நாடோடிக்காற்று, ஸ்ரீனிவாசன் எழுதி சத்யன் அந்திக்காடு எடுத்தது, படிச்சுட்டு வேலை இல்லாத ரெண்டு பேர் துபாய் போறோம்னு தோணி ஏறி மெட்ராஸ் பீச்ல இறங்கறாங்க, தமிழ்ல கூட அடுத்த வருஷமே கதாநாயகன்னு வந்துச்சு. சிரிச்சு முடிச்சப்புறம் யோசிச்சா தான் தெரியும், படிப்பு நிறைய, வேலை கம்மி, அந்தத் தலைமுறையோட பயம் முழுக்க அதுல இருக்கு. அப்புறம் 1989ல வரவேல்பு. கல்ஃப்ல சம்பாதிச்ச காசுல பஸ் வாங்கி ஊர்லயே பொழைக்கலாம்னு வந்தவரை சொந்தக்காரங்களும் யூனியனும் சேந்து எப்படி திருப்பி ஓட விடறாங்கன்னு இருக்கும். யூனியனை அந்தப் படம் ஒரு பக்கமாத்தான் காட்டுதுன்னு எனக்குத் தோணும், ஆனா திரும்பி வந்தவனோட தனிமை அதுல பொய் இல்ல. உங்க ரூம் அண்ணன்மார் கிட்ட கேட்டுப் பாருங்க, அதுல ஒரு வசனமாவது மனப்பாடமா சொல்லுவாங்க.

கேள்வி: மலையாளப் படத்துல தமிழன்னா பிச்சைக்காரன், ரவுடி, அழுக்கு லுங்கின்னு தான் காட்டறாங்க. அதைப் பத்தி ஏன் யாரும் பேசறதில்ல? – வாசகர், பொள்ளாச்சி

பேசணும், பேசறேன். ரொம்ப வருஷமா பாண்டின்னு ஒரு கேலி அங்க இருந்துச்சு, கூலி வேலைக்கு வர்ற தமிழர், திருடர், வில்லனுக்கு அடியாள், இப்படித்தான். அதே நேரம் நம்ம படத்துல மலையாளின்னா டீக்கடை நாயர், மலையாளப் பொண்ணுன்னா தப்பான கண்ணோட பாக்கற ஒரு புத்தி, இதை நாமளும் பண்ணியிருக்கோம், வெக்கப்பட வேண்டியது தான். மணிச்சித்ரத்தாழ் எடுத்துக்கங்க, 1993, அதுல பயத்தைக் கிளப்பற நாகவல்லி தஞ்சாவூர்ல இருந்து காரணவர் தூக்கிட்டு வந்த தமிழ் நடனக்காரி. பேயா வர்றவ தமிழ் பேசறான்னு சிலர் கோவப்படுவாங்க. நான் அப்படிப் பாக்கல. கதைப்படி அநியாயம் பண்ணினது அந்த தரவாட்டு காரணவர், பாதிக்கப்பட்டவ அவ. ஷோபனா ஆடற அந்த ஆட்டத்துல அவளோட கோவம் நியாயமாத்தான் தெரியும்.

மனசு நிறைஞ்சது நண்பகல் நேரத்து மயக்கம் பாத்தப்ப. லிஜோ ஜோஸ் பெல்லிசேரி, மம்மூட்டி. வேளாங்கண்ணி போயிட்டு வேன்ல திரும்பற ஒரு மலையாளி கூட்டம், நடுவுல ஜேம்ஸ்னு ஒருத்தர் தூங்கி எந்திரிச்சு வண்டிய நிறுத்தச் சொல்லி இறங்கி, ஒரு தமிழ் கிராமத்துக்குள்ள போய், காணாமப் போன சுந்தரமாவே மாறி மாட்டுக்குத் தீவனம் வைக்கறாரு, தமிழ் பேசறாரு. அதுக்கு முன்ன வரைக்கும் தமிழ்ச் சாப்பாட்டையும் ஊரையும் குறை சொல்லிட்டு வந்தவர் தான் அவரு. படம் முழுக்க பின்னாடி எங்கயோ டிவியிலயும் ரேடியோவிலயும் பழைய தமிழ்ப் பட வசனமும் பாட்டும் ஓடிட்டே இருக்கும், நம்ம கிராமத்து மத்தியானத்துல நிஜமாவே கேக்கறது அது தான், நம்ம ஆளுங்களே அவ்வளவு கவனமா பதிவு பண்ணினது கம்மி. மஞ்ஞும்மல் பாய்ஸ் பத்தி உங்களுக்கு நான் சொல்லவே வேணாம், 2006ல கொடைக்கானல் குணா குகையில நிஜமா நடந்தது, கண்மணி அன்போடு காதலன் பாட்டை மலையாள டைரக்டர் சரியான இடத்துல வச்சப்ப நம்ம தியேட்டர்ல எழுந்த சத்தம் ஞாபகம் இருக்கும். அதுல தமிழ்நாட்டு போலீஸை காட்டின விதம் கடுமை தான், ஆனா கதைக்கு அது பொய்யா தெரியல.

கேள்வி: கிரேட் இந்தியன் கிச்சன் மாதிரி படம் எடுக்கற இண்டஸ்ட்ரிலயே ஹேமா கமிட்டி ரிப்போர்ட்ல வர்ற மாதிரி எல்லாம் நடக்குதே, அப்ப அந்தப் படங்களை எப்படி நம்பறது அக்கா? – வாசகி, திருச்சி

இந்தக் கேள்வி பதில் பகுதிக்கு எழுதறது ரெண்டு பேர், இந்தக் கேள்விக்கு நான் தான் எழுதறேன், அதனால அக்கான்னே வச்சுக்கோம்மா.

ஜியோ பேபி 2021 ஜனவரில அந்தப் படத்தை ஒரு சின்ன மலையாள ஓடிடில தான் விட்டாரு. தோசை, சட்னி, எச்சில் தட்டு, ஒழுகற சிங்க் குழாய், மாமனாருக்கு பிரஷ்ல பேஸ்ட் வச்சுக் குடுக்கறது, மாதவிடாய்னா தனி ரூம், இதை ஒண்ணு விடாம திரும்பத் திரும்பக் காட்டியே ஒரு மாநிலத்தை பேச வச்சாரு. கேரளா படிச்ச மாநிலம், பொண்ணுங்க முன்னேறின மாநிலம்னு ஊரே சொல்லுது, அந்த மாநிலத்து சமையக்கட்டு இப்படி இருக்குன்னு அந்தப் படம் சொல்லிச்சு. தமிழ்ல 2023ல எடுத்தாங்க, ஆனா அதைப் பாத்து கேரளா மாதிரி இங்க வீட்டுக்கு வீடு வாக்குவாதம் நடக்கல.

ரிப்போர்ட் கதைக்கு வர்றேன். 2017ல ஒரு நடிகை கடத்தப்பட்டு தாக்கப்பட்டாங்க, அதுக்கப்புறம் பெண் கலைஞர்கள் சேந்து டபிள்யூசிசி ஆரம்பிச்சு முதலமைச்சர் கிட்ட போய் நின்னதால தான் சினிமாவுல பெண்களோட நிலைமைய விசாரிக்க கமிட்டியே வந்துச்சு. ஓய்வுபெற்ற நீதிபதி ஹேமா, நடிகை சாரதா, வல்சலகுமாரி மூணு பேரும் 2019 டிசம்பர்ல ரிப்போர்ட் குடுத்துட்டாங்க, அரசாங்கம் அதை நாலரை வருஷத்துக்கு மேல பெட்டியில வச்சிருந்து 2024 ஆகஸ்ட் 19ல தான் வெளிய விட்டுச்சு, அதுவும் பல பக்கம் மறைச்சு. பாத்ரூம் இல்லாத ஷூட்டிங் ஸ்பாட்ல இருந்து ராத்திரி கதவைத் தட்டற வரைக்கும் எல்லாம் அதுல இருக்கு. நம்பறதுன்னா நான் அந்தப் பொண்ணுங்களைத் தான் நம்பறேன். பட வாய்ப்பு போகும்னு தெரிஞ்சே கூட்டமா நின்னு கேட்டாங்களே, அவங்க. நல்ல படம் எடுத்துட்டா நல்ல மனுஷங்கன்னு சர்டிபிகேட் குடுக்க வேண்டியதில்ல, படத்தையும் கேள்வி கேக்கலாம், எடுத்தவங்களையும் கேக்கலாம். தமிழ்ல இப்படி ஒரு கமிட்டி எப்பம்மா வரும்னு நீயும் கேளு, சத்தமா கேளு.

கேள்வி: காந்தாரா பாத்து மிரண்டுட்டேன். மலையாளத்துல தெய்யம் வச்சு அப்படி ஒரு படம் உண்டா? – வாசகர், தருமபுரி

களியாட்டம், 1997, ஜெயராஜ். ஷேக்ஸ்பியரோட ஒத்தெல்லோ கதைய வட கேரளத் தெய்யக்காரர் வாழ்க்கைக்குள்ள கொண்டு வந்தது. சுரேஷ் கோபிக்கும் ஜெயராஜுக்கும் தேசிய விருது. தெய்யம்னா வேஷம் கட்டி சாமியாவே ஆடற சடங்கு, கண்ணூர், காசர்கோடு பக்கம் அதைக் கட்டறவங்க வண்ணான், மலையன் மாதிரி சமூகங்கள், வேஷம் கட்டி முடிச்சதும் மேல் சாதிக்காரங்க கை கூப்பி நிப்பாங்க, தலையில வச்ச கிரீடத்தை எறக்கி வச்சதும் மறுபடி பழைய இடம் தான். ஒத்தெல்லோவோட தாழ்வு மனப்பான்மைக்கு இதை விட பொருத்தமான இடம் கிடைக்காது. காந்தாரா மாதிரி சண்டை, பிரம்மாண்டம் எதிர்பாக்காதீங்க, மெதுவா போகும். முடிஞ்சா டிசம்பர், ஜனவரில கண்ணூர் போய் நேர்லயே பாருங்க, விடிய விடிய நடக்கும், டிக்கெட் எல்லாம் கிடையாது.

கேள்வி: கதை வேணாம், ஒரே ஒரு ஊர், ஒரே ஒரு படம் சொல்லுங்க. இந்த வாரம் பாக்கணும். – வாசகர், சிவகாசி

காசர்கோடு. படம் ந்நா தான் கேஸ் கொடு, 2022. ரோட்டுக் குழியால தான் நான் நாய்கிட்ட கடி வாங்கினேன்னு ஒரு பழைய திருடன் அமைச்சர் மேல கேஸ் போடறான், குஞ்சாக்கோ போபன் தான் அந்தத் திருடன். ஜட்ஜா வர்றவரை கவனிங்க, பி.பி. குஞ்ஞிகிருஷ்ணன், அந்தப் பக்கத்து ஓய்வுபெற்ற பள்ளிக்கூட வாத்தியார், மாநில விருது வாங்கிட்டாரு. கோர்ட்டுக்குள்ள வர்ற முகங்கள்ல நிறைய அந்த வட்டாரத்து ஆளுங்க தான். அவங்க பேசற மலையாளம் கொச்சிக்காரங்களுக்கே கஷ்டம், அதனால சப்டைட்டில் போட்டுக்கங்க.